புலி வாகனனின் காட்டில் ஒரு நாள்

மாதேஸ்வரன் மலைக்குச் சாமி கும்பிட வருகிறவர்களுக்குக் கணக்கில்லை. இப்போது காட்டையும் சுற்றிக் காட்டுகிறார்கள். ஆனால் அந்தக் காட்டில் புலி நிலைப்பது மாடு மேய்ப்பவர்களின் கையில் இருக்கிறது.

மலை உச்சியை நெருங்கும் பஸ்ஸில் உட்கார்ந்திருப்பவர் கண்ணில் முதலில் படுவது புலிதான். அசையாத புலி. அதன் முதுகில் கம்பீரமாக அமர்ந்திருக்கிறார் மாதேஸ்வரர். மார்ச் 2023-ல் திறந்துவைக்கப்பட்ட 108 அடி உயரச் சிலை இது. பஸ்ஸில் இருப்பவர்கள் கன்னத்தில் போட்டுக்கொள்கிறார்கள். பின்சீட்டிலிருந்து யாரோ "உகே மாதப்பா" என்று குரல் கொடுக்க, பஸ் முழுவதும் "உகே, உகே" என்று திருப்பிச் சொல்கிறது. புலி மேலேறிக் காடு மலையெல்லாம் சுற்றிவந்த சித்தர் என்பதுதான் இந்தச் சாமியின் கதை. கோவிலில் உற்சவருக்கும் புலிதான் வாகனம். பக்தர்கள் பணம் கட்டிப் புலி வாகன சேவை செய்கிறார்கள்.

அந்தச் சாமியின் மலையில்தான் ஜூன் 26, 2025 அன்று ஒரு தாய்ப் புலியும் அதன் நான்கு குட்டிகளும் செத்துக் கிடந்தன. இடம், மாதேஸ்வரன் மலைச் சரணாலயத்தின் ஹூகியம் சரகத்தில் உள்ள மீண்யம் காடு. புலி ஒரு பசுவை அடித்திருக்கிறது. பசுவின் உடலில் யாரோ விஷம் வைத்துவிட்டார்கள். மிச்சத்தைத் தின்னத் திரும்பி வந்த தாயும் குட்டிகளும் தப்பவில்லை. சில நாட்களில் மூன்று பேர் கைதானார்கள். வெளியூர் வேட்டைக் கும்பல் எதுவும் இதில் இல்லை. மாடு வளர்க்கும் உள்ளூர்க்காரர்கள் அவர்கள். அதே ஆண்டு அக்டோபரில் ஹனூர் பக்கம் இன்னொரு புலியின் உடல் துண்டு துண்டாகக் கிடைத்தது.

இந்தக் காட்டைச் சுற்றிப் பார்க்கத்தான் இப்போது வழிகாட்டியோடு ஜீப் ஏறுகிறார்கள்.

தமிழ்நாட்டுக்காரர்களுக்கு மாதேஸ்வரன் மலை வெளிமாநிலம் என்றே தோன்றாது. தர்மபுரி, சேலம் பக்கத்துக் கிராமங்களில் மாதையன், மாதப்பன், மாதம்மாள், மாதேஷ் இல்லாத தெரு குறைவு. மேட்டூரில் பஸ் ஏறினால் கொளத்தூர் தாண்டிப் பாலாறு வரும் (வேலூர்க்காரர்களின் பாலாறு வேறு, இது காவிரியில் வந்து சேரும் மலையாறு). பாலத்தின் அந்தப் பக்கம் கர்நாடகம். மலை அடங்கிய கொள்ளேகால் தாலுகாவே நவம்பர் 1956 வரை சென்னை மாநிலத்தின் கோயமுத்தூர் மாவட்டத்தில்தான் இருந்தது. மாநிலங்களைப் பிரித்தபோது மைசூருக்குப் போனது. 1997-ல் மைசூர் மாவட்டத்திலிருந்து சாமராஜநகர் பிரிந்தபோது மலை அதனோடு போனது. இன்று ஹனூர் தாலுகா. மைசூரிலிருந்து வந்தால் சுமார் 150 கிலோமீட்டர்.

அமாவாசை, சிவராத்திரி, உகாதி, தீபாவளி என்றால் மலை தாங்காது. தாளபெட்டாவிலிருந்து நடந்தே ஏறுகிறவர்களும் உண்டு. மொட்டை, குளியல், தரிசனம், சாப்பாடு, இறக்கம். இத்தனை பேரும் கடந்து போவது ஒரு சரணாலயத்தின் நடுவே என்பது பலருக்குத் தெரியாது. சாலையோரக் குரங்குக்கு வாழைப்பழம் வீசியதோடு அவர்களுடைய வனவிலங்கு அனுபவம் முடிந்துவிடுகிறது. (வீசாதீர்கள். பழத்துக்காகச் சாலைக்கு வரும் குரங்கு சக்கரத்தில் மாட்டிக்கொள்கிறது.)

2013-ல் அறிவிக்கப்பட்ட இந்தச் சரணாலயத்தின் பரப்பு 906 சதுர கிலோமீட்டர். தனித்த காடு என்று நினைக்க வேண்டாம். மேற்கே பிளிகிரி ரங்கன் மலைப் புலிகள் காப்பகம். தெற்கே நம் சத்தியமங்கலம் காப்பகமும், ஜனவரி 2024-ல் அந்தியூர், பர்கூர் பகுதிகளை இணைத்து அறிவிக்கப்பட்ட தந்தை பெரியார் சரணாலயமும். வடகிழக்கே காவிரி வனவிலங்குச் சரணாலயம். ஆற்றைத் தாண்டினால் கிருஷ்ணகிரி, தர்மபுரி மாவட்டக் காடுகளில் 2022-ல் அறிவிக்கப்பட்ட காவிரி தெற்குச் சரணாலயம். யானைக்கு எது கர்நாடகம், எது தமிழ்நாடு என்று தெரியாது. சோளகக் காட்டைத் தின்றுவிட்டு இரவோடிரவாக மாநிலம் மாறிவிடும்.

பொழுது புலர்வதற்குள் ஜீப்பில் இருக்க வேண்டும். ஹனூர் பக்கம் பி.ஜி. பாளையாவிலிருந்து ஒரு சுற்று. பாலாற்றிலிருந்து பிரிந்து போகும் சாலையில் உள்ள கோபிநத்தத்திலிருந்து இன்னொரு சுற்று. இரண்டாவது, காவிரிச் சரணாலயத்துக்குள் வருகிறது. வழிகாட்டி முதலில் விதிகளைச் சொல்லிவிடுவார். இறங்கக் கூடாது, கத்தக் கூடாது, செல்போன் மணி அடிக்கக் கூடாது, பளிச்சென்ற நிறத்தில் உடுத்தக் கூடாது. அடுத்து, அவர் சொல்லாமலே நாம் தெரிந்துகொள்ள வேண்டியது: புலி கிடைக்காது. கிடைத்தால் அதிர்ஷ்டம். பந்திப்பூர், நாகரஹொளே போல விலங்குகள் சாலைக்கு வந்து நிற்கும் காடு இது இல்லை. இங்கே பெரும்பகுதி வறண்ட இலையுதிர் காடும் முட்காடும். துப்பாக்கிக்குப் பயந்தே பல தலைமுறை கழித்த விலங்குகள் மனித வாடை பட்டதும் புதருக்குள் போய்விடுகின்றன.

அதனால் கண்ணைவிட வழிகாட்டியின் விரலைப் பின்தொடர்வது நல்லது. ஈர மண்ணில் பதிந்த கால்தடம் ஒன்றைக் காட்டி அது சிறுத்தையுடையது என்பார். நகம் பதிந்திருந்தால் செந்நாய். பூனை இனம் நடக்கும்போது நகத்தை உள்ளே இழுத்துக்கொள்ளும். ஒரு மரத்தின் பட்டை ஆளுயரத்துக்கு மேல் வழவழவென்று தேய்ந்திருக்கும். யானை முதுகு சொறிந்த இடம். விதைகள் நிறைந்த கருப்பு எச்சம் கரடியுடையது. சாலைத் திருப்பத்தில் புள்ளிமான் கூட்டம் தலைதூக்கும். மேட்டில் காட்டெருமை ஒன்று, வெள்ளைக் காலுறை மாட்டியதுபோல் முழங்காலுக்குக் கீழே வெளுப்பாக, நம்மை ஒரு பொருட்டாகவே மதிக்காமல் நிற்கும். காவிரிப் பக்கம் போனால் காட்சி மாறிவிடுகிறது. கரையோரம் பெரிய நீர்மருது மரங்கள். அவற்றின் உச்சியில் சாம்பல் நிற மலை அணில். தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் மட்டுமே உள்ள, அரிதாகிவரும் இனம். பாறையில் வெயில் காயும் முதலை. அதிர்ஷ்டமிருந்தால் கும்பலாக மீன் பிடிக்கும் நீர்நாய்கள். குளிர்காலத்தில் ஓடை மணலில் வாலை ஆட்டியபடி ஓடும் சின்னஞ்சிறு வாலாட்டிக் குருவிகளில் வடக்கே பனிமலைப் பக்கமிருந்து வந்தவையும் உண்டு.

தந்தமுள்ள ஆண் யானை எதிர்ப்பட்டால் வழிகாட்டியின் முகத்தில் வரும் சந்தோஷத்துக்குக் காரணம் கோபிநத்தத்தில் தெரியும்.

தமிழ் பேசும் ஊர் இது. வீரப்பன் பிறந்து வளர்ந்த ஊர் என்பதுதான் நாடு முழுக்கத் தெரிந்த அடையாளம். சுற்றுலா விளம்பரங்களும் அந்தப் பெயரைத்தான் தூண்டிலாகப் போடுகின்றன. வேன் கட்டிக்கொண்டு வரும் இளைஞர்கள் கேட்பதும் அதையே: எந்தக் குகை, எந்தப் பாறை, எங்கே தங்கினான். ஊர்க்காரர்கள் ஆர்வமாகக் காட்டும் இடம் வேறு. மாரியம்மன் கோவில். பி. ஸ்ரீனிவாஸ் என்ற வன அதிகாரி முன்நின்று கட்டிய கோவில் அது. ராஜமுந்திரிக்காரர். தந்தவேட்டையையும் சந்தனக் கடத்தலையும் தடுக்க வந்தவர், துப்பாக்கியைக் குறைத்து ஊருக்குள் மருந்தகம், குடிநீர், வீடு, சாலை என்று இறங்கினார். கடத்தல்காரர்களோடு போனவர்களைச் சரணடையச் செய்தார். வீரப்பன் சரணடையத் தயார் என்று தூது வந்தது. நம்பி, ஆயுதமில்லாமல் காட்டுக்குள் நடந்தார். நவம்பர் 10, 1991 அன்று கொல்லப்பட்டார். தலை துண்டிக்கப்பட்டிருந்தது. மறு ஆண்டு அரசு அவருக்குக் கீர்த்தி சக்ரா அளித்தது. ஊர் அவரை இன்றும் சாமிக்குச் சமமாக வைத்திருக்கிறது.

இந்தச் சுற்றுலாவில் மைல்கல்போல ஆண்டுகள் வந்துகொண்டே இருக்கின்றன. மீண்யம் என்ற பெயர் 2025-ல் புலிகளால் செய்திக்கு வந்தது. ஆகஸ்ட் 14, 1992-ல் அதே மீண்யம் அருகே போலீஸ் சூப்பிரண்டு ஹரிகிருஷ்ணாவும் சப்-இன்ஸ்பெக்டர் ஷகீல் அகமதும் பதுங்கித் தாக்கிக் கொல்லப்பட்டார்கள். பாலாற்றருகே ஏப்ரல் 9, 1993-ல் கண்ணிவெடியில் 22 பேர் இறந்தார்கள். அக்டோபர் 18, 2004-ல் தர்மபுரி மாவட்டம் பாப்பாரப்பட்டி அருகே வீரப்பன் சுட்டுக் கொல்லப்படும்வரை இந்தப் பக்கம் சுற்றிப் பார்க்க யாரும் வந்ததில்லை.

வழிகாட்டிகள் அதிகம் பேசாத இன்னொரு கதையும் உண்டு. மாதேஸ்வரன் மலையிலேயே அதிரடிப் படை முகாம் இருந்தது. வீரப்பனுக்கு அரிசி கொடுத்தார்கள், தகவல் சொன்னார்கள் என்ற சந்தேகத்தில் இரு மாநிலக் கிராமத்தவர்களும் பழங்குடியினரும் அங்கே கொண்டுபோகப்பட்டார்கள். தேசிய மனித உரிமை ஆணையம் அமைத்த நீதிபதி சதாசிவா குழு அவர்களை விசாரித்தது. 2007-ல் 89 பேருக்கு இழப்பீடு வழங்க ஆணையம் உத்தரவிட்டது. ச. பாலமுருகனின் 'சோளகர் தொட்டி' நாவலைப் படித்தவர்களுக்கு அந்த நாட்களின் வலி தெரியும். காக்கிச் சட்டையைக் கண்டால் இந்த மலை ஊர்களில் வயதானவர்கள் இன்னும் ஒரு கணம் பேச்சை நிறுத்துகிறார்கள் என்றால், அதற்குக் காரணம் இருக்கிறது. அரசாங்கம் வந்து "புலியைக் காப்பாற்றுங்கள்" என்று கேட்பது இந்த ஊர்களிடம்தான்.

மாட்டுக்கு வருவோம். பர்கூர்ச் செம்மறையும் ஆலம்பாடி மாடும் இந்த மலைத் தொடரின் சொத்து. வீட்டில் கட்டித் தீனி போட்டு வளர்க்கும் வழக்கம் இங்கே இல்லை. காட்டுக்குள் பட்டி போட்டு, மாதக்கணக்கில் அங்கேயே மேய்ப்பார்கள். பால் கொஞ்சம்தான். சாணம்தான் வருமானம், சமவெளித் தோட்டங்களுக்கு லாரி லாரியாக எருவாகப் போகும். பட்டியிலுள்ள மாடெல்லாம் மேய்ப்பவருடையது என்றும் சொல்ல முடியாது. கீழ்நாட்டுக்காரர்கள் விட்டுவைத்த மாடுகளும் இருக்கும். கூலிக்கு மேய்ப்பவர் காட்டுக்குள் புலியோடும் யானையோடும் இருப்பார். உரிமையாளர் ஊரில் இருப்பார்.

இவ்வளவு மாடு மேய்ந்தால் மானுக்குப் புல் குறைகிறது. மான் குறைந்தால் புலி மாட்டிடம் வருகிறது. கணக்கு எளிமையானது. தீர்வுதான் சிக்கல். 2022-ல் சென்னை உயர் நீதிமன்றம் காடுகளில் மாடு மேய்க்கத் தடை விதித்து, பின்னர் அதைச் சரணாலயம், தேசியப் பூங்கா, புலிகள் காப்பகங்களோடு நிறுத்திக்கொண்டது. பர்கூர் மலைக்காரர்கள் கொதித்தார்கள். புலிகள் செத்த பிறகு, 2025 ஜூலையில், வெளிமாநில மாடுகளைத் தங்கள் காட்டில் விடக் கூடாது என்று கர்நாடக வனத் துறை அமைச்சரும் சொன்னார். தடை போடுவது சுலபம். பசு போனவருக்கு அந்த வாரமே பணம் கைக்குப் போகிறதா என்று பார்ப்பதுதான் கஷ்டம். இழப்பீடு என்று சட்டத்தில் இருக்கிறது. மருத்துவர் சான்று, சரகர் அறிக்கை, வங்கிக் கணக்கு என்று அது நடந்து வருவதற்குள் கோபம் முந்திக்கொள்கிறது. காட்டைக் காவல் காக்கும் ஒப்பந்தப் பணியாளர்களுக்கே மாதக்கணக்கில் சம்பளம் வரவில்லை என்பதும் ஐந்து புலிகள் செத்த பிறகுதான் வெளியே தெரிந்தது. கூலி இல்லாதவர் எத்தனை இரவு ரோந்து போவார்?

மாதேஸ்வரன் மலையைப் புலிகள் காப்பகமாக்கும் யோசனை ஆண்டுக்கணக்கில் கோப்பில் கிடக்கிறது. உள்ளூர் எதிர்ப்பு ஒரு காரணம். அந்த ஐந்து புலிகள் செத்தபோதும் அறிவிப்பு வந்திருக்கவில்லை. 2022 கணக்கெடுப்பில் 563 புலிகளோடு மத்தியப் பிரதேசத்துக்கு அடுத்த இடம் பிடித்த மாநிலம் கர்நாடகம். அந்தப் பெருமைக்கான செலவு யார் தலையில் விழுகிறது என்ற கேள்வியைப் பசுவைப் பறிகொடுத்தவர்தான் முதலில் கேட்கிறார்.

இதே கேள்விக்கு இந்தியாவின் மறுகோடியில் ஒரு பதில் கிடைத்தது. லடாக்கில் ஹேமிஸ் தேசியப் பூங்காவுக்குள் ரும்பாக் என்று ஒரு கிராமம். பனியாறுகளின் நீரை நம்பிப் பார்லி விளைவிக்கும் ஊர். பனிச்சிறுத்தை பட்டியின் கூரைத் திறப்பு வழியாகக் குதித்தால், வெளியேற வழி தெரியாமல் ஒரே இரவில் ஆட்டு மந்தையையே அடித்துவிடும். விடிந்ததும் ஊர் கூடி அதைக் கொல்லும். இது பழைய நடைமுறை. 2000-க்குப் பிறகு இரண்டு மாற்றங்கள் வந்தன. தொண்டு நிறுவனம் ஒன்றின் உதவியோடு பட்டிகளுக்குக் கம்பிவலைக் கூரை போட்டார்கள். பனிச்சிறுத்தை பார்க்க வரும் பயணிகளை வீடுகளில் முறைவைத்துத் தங்கவைத்தார்கள். பணம் நேராக வீட்டுப் பெண்களின் கைக்குப் போனது. உறைந்த பள்ளத்தாக்கில் தொலைநோக்கியோடு முன்னே நடந்து மலைமுகட்டைச் சுட்டிக்காட்டும் வழிகாட்டி, ஆடு பறிகொடுத்த குடும்பத்துப் பையனாகவே இருப்பதுண்டு. சிறுத்தை உயிரோடு இருந்தால்தான் அடுத்த பயணி வருவார் என்பது அவனுக்குத் தெரியும்.

அவ்வளவு தூரம் போவானேன். தேனி மாவட்டத்துக்காரர்களுக்குப் பக்கத்திலேயே தேக்கடி இருக்கிறது. பெரியாறு காட்டில் வயணா மரப் பட்டையை உரித்துக் கடத்தியவர்கள்மீதிருந்த வழக்குகளையே ஒரு தொடக்கமாக்கி, 1990-களின் பிற்பகுதியில் அவர்களை வழிகாட்டிகளாகவும் ரோந்துக்காரர்களாகவும் மாற்றியது கேரள வனத் துறை. யானைத் தடம் அவர்களுக்குத் தெரிந்த அளவு எந்த ரேஞ்சருக்கும் தெரியாது. மலையேற்றம், இரவுக் காவல் நடை என்று அவர்களே பயணிகளை அழைத்துப் போகிறார்கள்.

கோபிநத்தத்தில் கர்நாடக அரசின் ஜங்கிள் லாட்ஜஸ் நிறுவனம் முகாம் அமைத்தபோது எதிர்பார்ப்பு இதுதான். கிராமத்துப் பையன்களுக்கு வேலை கிடைத்தது உண்மை. ஆனால் ஒரு முகாமும் இரண்டு ஜீப் பாதைகளும் 906 சதுர கிலோமீட்டருக்குள் சிதறிக் கிடக்கும் ஊர்களுக்கு எம்மாத்திரம்? மீண்யத்துக்காரருக்கு அந்த ஜீப் எட்டாத தூரம். சுற்றுலாவைத் தவிர வேறு வழிகளும் தேடியிருக்கிறார்கள். காட்டை மூடிக்கொண்டிருக்கும் உண்ணிச்செடியை வெட்டி, வேகவைத்து, நாற்காலியும் மேசையுமாகப் பின்னும் வேலையைப் பெங்களூரைச் சேர்ந்த 'ஏட்ரீ' ஆராய்ச்சி நிறுவனம் 2004 முதல் சோளகர்களுக்கும் மற்றவர்களுக்கும் கற்றுக்கொடுத்தது. பிரம்புபோல உழைக்கிறது. செடி ஒழிந்தால் புல் வளரும் என்பது கூடுதல் லாபம். வாங்குவதற்கு ஆள் வேண்டும், அவ்வளவுதான்.

ஜீப்புகள் பெருகினாலும் ஆபத்து. பந்திப்பூர், நாகரஹொளே ஓரக் கிராமங்களில் புலி தாக்கி அடுத்தடுத்து ஆட்கள் இறந்தபோது, சஃபாரி வண்டிகளின் தொல்லையால்தான் புலி ஊருக்குள் வருகிறது என்று விவசாயிகள் மறியல் செய்தார்கள். நவம்பர் 2025-ல் இரண்டு இடங்களிலும் அரசு சஃபாரியை நிறுத்திவைத்தது. வண்டிச் சத்தத்துக்கும் புலித் தாக்குதலுக்கும் நேரடித் தொடர்பு உண்டா என்பது விவாதத்துக்குரியது. ஆனால் டிக்கெட் பணத்தில் தங்களுக்குப் பங்கில்லை, புலி மட்டும் தங்களுக்கு என்ற விவசாயியின் எரிச்சலுக்கு ஆராய்ச்சி தேவையில்லை. மாதேஸ்வரன் மலை இன்னும் அந்தக் கட்டத்துக்கு வரவில்லை. ஆரம்பத்திலேயே கிராமங்களைக் கூட்டுச் சேர்த்துக்கொள்ள இது நல்ல நேரம். கோவில் உண்டியலுக்கு வரும் கூட்டத்தில் நூற்றில் ஒருவர் ஜீப் ஏறினாலே போதும். மலையேறும் சாலையில் மாட்டின் விலையைச் சேர்த்துவிடலாம்.

போக நினைப்பவர்களுக்கு: அக்டோபர் முதல் பிப்ரவரி வரை காடு பசுமையாக இருக்கும். மார்ச், ஏப்ரலில் இலை உதிர்ந்து விலங்குகள் கண்ணுக்குத் தெரியும், தண்ணீர்க் குட்டைகளைத் தேடி வரும். ஆனால் அது காட்டுத் தீக் காலம். எந்த நாளும் பாதையை மூடிவிடலாம். முன்கூட்டியே கேட்டுக்கொண்டு கிளம்புங்கள். அமாவாசையைத் தவிர்த்தால் மலையில் அறை சுலபமாகக் கிடைக்கும். கோபிநத்தத்தில் பகலில் அணைப் பக்கம் ஒரு நடை போகலாம். மாலையில் யானை தண்ணீருக்கு வருவதுண்டு. வழிகாட்டியிடம் வீரப்பனைப் பற்றி மட்டும் கேட்காமல், அவர் வீட்டில் எத்தனை மாடு, கடைசியாக எப்போது மாடு போனது, பணம் வந்ததா என்றும் கேட்டுப் பாருங்கள். பேச ஆரம்பித்தால் திரும்பும் வழி முழுக்கப் பேசுவார்.

சாயங்காலம் பாலாற்றுப் பக்கம் இறங்கும் பஸ் ஏதாவது ஒரு வளைவில் நின்றுவிடும். செம்மறை மாடுகள் சாலையை அடைத்துக்கொண்டு கழுத்து மணி குலுங்கப் பட்டிக்குத் திரும்பிக்கொண்டிருக்கும். டிரைவர் ஹாரன் அடிப்பதில்லை. கடைசி மாட்டின் பின்னால் கம்போடு வரும் சிறுவன், ஒவ்வொன்றாக எண்ணியபடியே பஸ்ஸைக் கடந்து போகிறான்.